கரண்ட் பில்லில் அபராதமா? கையெழுத்து போடும் முன் உஷார்!

வீட்டு முன்பக்க அறையை ஒருவர் வெல்டிங் பட்டறைக்கு வாடகைக்கு விட்டார் என்று வைத்துக்கொள்வோம். பட்டறை வந்து 3 மாதம்தான் ஆகிறது. கரண்ட் மட்டும் பழைய வீட்டு இணைப்பில் இருந்தே ஓடுகிறது. திடீரென மின்வாரிய பறக்கும் படை வந்து நிற்கிறது. சில நாளில் நோட்டீசும் வருகிறது. அதில் 3 மாதத்துக்கு அல்ல, 12 மாதத்துக்கு அபராதம்!

தப்பு நடந்தது உண்மை. ஆனால் தொகை சரியா? இங்கேதான் பலர் கோட்டை விடுகிறார்கள். "கட்டிட்டா தொல்லை விட்டுச்சு" என்று நீட்டிய இடத்தில் கையெழுத்து போட்டு விடுகிறார்கள்.

சட்டம் என்ன சொல்லுது?

2003–ம் ஆண்டு மின்சார சட்டத்தின் 126–வது பிரிவு இதைப் பற்றியது. வீட்டு இணைப்பில் தொழில் நடத்துவது, ஒரு இடத்துக்கு வாங்கிய கரண்டை வேறு இடத்துக்கு இழுப்பது எல்லாம் இதில் வரும். அபராதம் அந்த உபயோகத்துக்கான கட்டணத்தைப் போல 2 மடங்கு. எத்தனை நாள் தப்பு நடந்ததோ அத்தனை நாளுக்குத்தான் போட வேண்டும். அது தெரியாவிட்டால்தான் 12 மாத கணக்கு.

அதாவது, பட்டறை எப்போது வந்தது என்பதை வாடகை ஒப்பந்தம், பழைய பில்களை வைத்து காட்டினால் தொகை நாலில் ஒரு பங்காக இறங்க வாய்ப்பு உண்டு.

முதலில் வருவது தற்காலிக உத்தரவுதான். அதற்கு எழுத்து மூலம் ஆட்சேபனை கொடுக்கலாம். நேரில் விளக்கம் சொல்லவும் வாய்ப்பு தந்தாக வேண்டும். தற்காலிக உத்தரவு கைக்கு வந்த 30 நாளுக்குள் இறுதி உத்தரவு போட வேண்டும் என்பது விதி.

அதிலும் நியாயம் கிடைக்கவில்லையா? 127–வது பிரிவில் 30 நாளுக்குள் அப்பீல் செய்யலாம். ஆனால் பாதி பணத்தை முன்கூட்டியே கட்டணும். இன்னொரு முக்கியமான விஷயம், சம்மதம் தெரிவித்து போடப்பட்ட இறுதி உத்தரவை எதிர்த்து அப்பீல் கிடையாது. உஷார் என்பது இதற்குத்தான்.

கோர்ட்டுக்கு ஓடலாமா?

பலர் நேராக நுகர்வோர் கோர்ட்டுக்கு ஓடுகிறார்கள். 126–வது பிரிவு அபராதத்தை நுகர்வோர் கோர்ட்டு விசாரிக்க முடியாது என்று 2013–ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்து விட்டது. அங்கே அலைவதற்குள் அப்பீலுக்கான 30 நாள் போயே போய்விடும்.

சாதாரண பில் தகராறு வேறு கதை. ரீடிங் தப்பு, மீட்டர் ஓட்டம் அதிகம் என்றால் முதலில் பகுதி மின்வாரிய அலுவலகத்தில் மனு. அடுத்து, மின் பகிர்மான வட்டத்தில் உள்ள நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றம். அதற்கும் மேலே சென்னையில் மின் குறைதீர்ப்பாளர். ரீடிங்கில் சந்தேகம் என்று புகார் செய்தால் 5 நாளுக்குள் கூடுதல் மீட்டர் வைத்து, குறைந்தது 3 மாதம் ஒப்பிட்டு பார்க்க வேண்டும் என்று 2024–ல் மத்திய அரசு விதி வந்திருக்கிறது.

பியூசை பிடுங்குவாங்களா?

பில் பாக்கிக்காக இணைப்பை துண்டிக்க 15 நாள் எழுத்து மூல நோட்டீஸ் கட்டாயம். கேட்ட தொகை அல்லது முந்தைய 6 மாத சராசரி, இதில் எது குறைவோ அதை "ஆட்சேபனையுடன் கட்டுகிறேன்" என்று எழுதிக் கட்டினால், தகராறு தீரும் வரை துண்டிக்கக் கூடாது.

மின்வாரியத்தின் கணக்கு தப்பால் விட்டுப்போன பழைய பாக்கியை 2 வருடம் கழித்து கேட்டால்? கேட்கலாம், ஆனால் அதற்காக இணைப்பை துண்டிக்க முடியாது என்று 2020–ல் சுப்ரீம் கோர்ட்டு கூறியிருக்கிறது.

ஆக, நோட்டீஸ் வந்ததும் பார்க்க வேண்டியது 3 விஷயம். எந்தப் பிரிவு, எத்தனை மாத கணக்கு, கைக்கு வந்த தேதி என்ன? வாயால் சொல்லும் புகாருக்கு சாட்சி இல்லை. மனுவை எழுதிக் கொடுத்து, நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்கி வைப்பதுதான் புத்திசாலித்தனம்.