ஜே.பி. நட்டு

நம்ம ஊரில் பெயருக்கு முன்னால் வருவது அப்பா பெயரின் முதல் எழுத்து. கிரிக்கெட் வீரர் நடராஜனின் அப்பா தங்கராசு. ஆனால் 2020 ஐ.பி.எல்.லில் நடராஜனின் சட்டை முதுகில் இருந்தது 'ஜே.பி. நட்டு'!

அந்த ஜே.பி., ஜெயப்பிரகாஷ். சேலம் மாவட்டம் சின்னப்பம்பட்டியில் இருபது வயது வரை டென்னிஸ் பந்திலேயே ஆடிக்கொண்டிருந்த பையனை, சென்னை லீக் ஆட்டங்களுக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தவர். 2015ல் ரஞ்சியில் அறிமுகமானதும் பந்து எறிகிறார் என்று சந்தேகம் கிளம்பியது. கையை மாற்றிப் போடப் பழகி மீண்டு வந்த பையன், 2020-21 ஆஸ்திரேலியப் பயணத்தில் ஒருநாள், டி20, டெஸ்ட் மூன்றிலும் அறிமுகமானார். ஒரே பயணத்தில் இப்படி வேறு எந்த இந்தியரும் அதற்கு முன் ஆடியதில்லை.

யார்க்கரைப் பற்றி பக்கம் பக்கமாக எழுதினார்கள். ஜெயப்பிரகாஷுக்கு ஒரு பத்தி கிடைத்தால் அதிகம். 1985ல் தொடங்கிய துரோணாச்சாரியா விருதும் சர்வதேச அளவில் ஜெயிக்க வைத்த பயிற்சியாளர்களைத்தான் பார்க்கிறது. கிராமத்தில் ஒருவனை முதலில் அடையாளம் கண்டவருக்கு அதில் இடமில்லை. இது சரியில்லை.

2023 ஜூனில் சின்னப்பம்பட்டியிலேயே நடராஜன் சொந்தமாக ஒரு மைதானம் அமைத்தார். திறந்து வைத்தவர் தினேஷ் கார்த்திக். மைதானம் வந்துவிட்டது, சரி. அங்கே ஆடும் பையனைச் சென்னை பஸ்ஸில் ஏற்றிவிட இன்னொரு ஜே.பி. வேண்டுமே?