கடலடிப் பாருக்கும் பெயருண்டு

திருவனந்தபுரத்துக்குத் தெற்கே கோவளத்தை அடுத்துள்ள விழிஞ்ஞம் என்னும் கடற்றுறையின் பெயர் இந்நாளில் பத்திரிகைகளில் இடம்பெறுவது, அங்கே எழுந்துள்ள பெருந்துறைமுகத்தின் பொருட்டே ஆகும். 2024 ஜூலையில் 'சான் பெர்னாண்டோ' என்னும் தாய்க்கப்பல் முதன்முதலாக வந்தணைந்ததும், 2025 மே 2 அன்று பிரதமர் துறைமுகத்தை நாட்டுக்கு அர்ப்பணித்ததும் பலரும் அறிந்தவை. வந்துபோகும் கப்பல்களுக்குக் கணக்கெழுத உத்தியோகஸ்தர் பலர் உளர். ஆனால் அத்துறையின் பெயரையும், அதைச் சூழ்ந்த விளை, ஏலா, குளம், கடலடிப் பார் ஆகியவற்றின் பெயர்களையும் திரட்டி ஆராய்வதையே வாழ்நாள் தொழிலாகக் கொள்ளும் ஓர் அறிஞருக்கு நம் பல்கலைக்கழகங்களில் நிலையான ஓர் இருக்கை உண்டா என்பதே என் வினா.

விழிஞ்ஞத்தின் பெயர் பழமையானது. எட்டாம் நூற்றாண்டுப் பாண்டியனாகிய நெடுஞ்சடையன் இத்துறையை வென்ற செய்தியைச் சீவரமங்கலச் செப்பேடு கூறுகிறது. சோழரின் வெற்றிகளைப் பேசுமிடத்தில் கலிங்கத்துப்பரணியும் இதனைக் குறிப்பிடுகிறது. பழந்தமிழ்ச் சாசனங்கள் விழிஞம் என்று வழங்க, இன்றைய மலையாள வழக்கு ஞகரத்தை இரட்டித்து விழிஞ்ஞம் என்கிறது. சோழர் ஆதிக்கம் ஓங்கிய காலத்தில் இராசேந்திர சோழப் பட்டினம் என்ற பெயரும் இதற்கு இடப்பட்டது. ஆயினும் அரசர் இட்ட அப்பெயர் கல்லில் நின்றதேயன்றி மக்கள் நாவில் நிற்கவில்லை. அரசர் இட்ட பெயரெல்லாம் அழியும் என்று இதனால் விதி வகுத்துவிடவும் இயலாது. அணித்தே உள்ள பாலராமபுரம், பலராமவர்மா மகாராஜாவின் பெயரால் அமைந்த ஊர். தெற்கிலிருந்து அழைத்துவரப்பெற்ற சாலிய நெசவாளர் அங்கே தறியூன்றிக் குடியேறிய காரணத்தால் அப்பெயர் இரண்டு நூற்றாண்டுகளாக நிலைபெற்றிருக்கிறது. ஒரு பெயர் ஏன் வாழ்கிறது, மற்றொன்று ஏன் மாய்கிறது என்பதைத் தெளிவிக்க ஒருவர் பல்லாண்டு உழைத்தாக வேண்டும்.

அவ்வாறு உழைத்தவர் நம்மிடையே இல்லாமற் போகவில்லை. நெல்லையை அடுத்த இராசவல்லிபுரத்தில் 1896-இல் தோன்றிய ரா. பி. சேதுப்பிள்ளை, முதலில் வழக்கறிஞராக விளங்கியவர். நெல்லை நகர்மன்றத்தில் பொறுப்பேற்றிருந்த காலத்தில், பிழைபடத் திரிந்து வழங்கிய தெருப்பெயர்களைத் திருத்தி உண்மைப் பெயர்களை நிலைநாட்டினார். பின்னர் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும், 1936 முதல் சென்னைப் பல்கலைக்கழகத்திலும் பணியாற்றி, 1946-இல் 'தமிழகம் ஊரும் பேரும்' என்னும் நூலை அளித்தார். சொல்லின் செல்வர் என்று நாடு அவரைப் போற்றுவது அவருடைய மேடைத்தமிழை எண்ணியே. என் மனம் அதனினும் அதிகமாக நாடுவது, நகர்மன்றத்து அலுவலிடையே தெருப்பலகைகளின் பிழைக்காக வருந்திய அந்த இளம் வழக்கறிஞரையே. அவருக்குப் பின் கேரளப் பல்கலைக்கழகத் தமிழ்த்துறையில் பணிபுரிந்த கி. நாச்சிமுத்து இடப்பெயராய்வைத் தனித் துறையாகவே வளர்த்தார். எனினும் இவை தனிமனிதர் சிலரின் பிரயாசையாக நின்றுவிட்டனவேயன்றி, தலைமுறைதோறும் தொடரும் ஸ்தாபனப் பணியாக வளரவில்லை.

இங்கிலாந்தில் 1923-இல் தொடங்கிய ஆங்கில இடப்பெயர்க் கழகம், மாவட்டந்தோறும் ஊர், ஓடை, வயல் ஆகியவற்றின் பெயர்களைத் தொகுத்துத் தொண்ணூறுக்கும் மேற்பட்ட தொகுதிகளை வெளியிட்டும் பணி முடிந்ததாக எண்ணவில்லை. அக்கழகத்தில் இளமையிலேயே உதவி ஆய்வாளராகச் சேர்ந்த மார்கரெட் கெல்லிங் அம்மையார் (1924–2009), முறையான பேராசிரியப் பதவி எதிலும் அமராமலே அரை நூற்றாண்டுக்கு மேல் இத்துறையில் உழைத்துப் பின்னாளில் அதன் தலைவராகவும் விளங்கினார். பழைய ஆங்கிலேயர் குன்றுக்கும் பள்ளத்துக்கும் வழங்கிய பல சொற்கள் ஒருபொருட் பன்மொழிகள் அல்ல என்பதை அவர் நிலத்தை நேரிற் கண்டு நிறுவினார். உச்சி பரந்து குடியேற ஏற்ற குன்று 'டூன்', உருண்ட சிறுமேடு 'பியோர்க்', நீண்டொடுங்கிய பள்ளத்தாக்கு 'டெனு', கிண்ணம்போற் குழிந்தது 'கூம்ப்' என உழவனின் கண் ஒவ்வொரு நிலவடிவையும் பிரித்தறிந்து பெயரிட்டிருந்தது.

நம் நாட்டு உழவனின் கண் இதற்குக் குறைந்ததன்று. ஏரி, தாங்கல், ஏந்தல், கண்மாய், ஊருணி என்று நீர்நிலைக்கு நாம் வைத்த பெயர்கள் வெவ்வேறு அமைப்பையும் பயனையும் உணர்த்துவன. விழிஞ்ஞத்தின் சுற்றுப்புறத்தில் புன்செய்த் தோட்ட நிலம் விளை. நெல்வயற் பரப்பு ஏலா. புல்லுவிளையும் கருங்குளமும் அடிமலைத்துறையும் தத்தம் நிலத்தின் இயல்பைத் தாமே எடுத்துரைக்கின்றன. 1956 நவம்பர் 1 அன்று இரு மாநிலங்களுக்கிடையே எல்லை வகுக்கப்பட்டபோது விளவங்கோடும் கல்குளமும் தமிழகத்தைச் சேர்ந்தன; ஆனால் விளை என்னும் சொல் அவ்வெல்லையை அறியாது இருபுறத்தும் வழங்குகிறது. ஆதலின் இவ்வாய்வு இரு மொழியறிஞரும் ஒருங்கே கூடிச் செய்ய வேண்டியது. திருவனந்தபுரத்துத் திராவிட மொழியியல் பள்ளியையும் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தையும் உருவாக்கி வழிநடத்தியவர் வடசேரியில் பிறந்த வ. அய். சுப்பிரமணியம் ஒருவரே என்பதை நினைக்கையில், அக்கூட்டு முயற்சிக்கு உரிய அஸ்திவாரம் முன்பே இடப்பட்டிருப்பது விளங்கும்.

இத்தகைய நிலையான அமைப்பு இன்மையால் நேர்வதைத் தமிழகம் கண்கூடாகக் கண்டது. 2020 ஜூனில் 1018 ஊர்ப்பெயர்களின் ஆங்கில எழுத்துக்கூட்டலைத் தமிழ் ஒலிப்புக்கு இணங்க மாற்றி வெளிவந்த அரசாணை, கண்டனங்கள் எழுந்ததும் சில நாட்களிலேயே திரும்பப் பெறப்பட்டது. நோக்கம் நன்றே. ஊர்தோறும் சென்று ஒலிப்பைக் கேட்டுக் குறித்துவைத்த தொகுதிகள் கைவசம் இருந்திருந்தால் ஆணையும் நின்றிருக்கும் என்பது என் அபிப்பிராயம்.

நிலத்துப் பெயர்களாவது பத்திரங்களிலும் வருவாய்த்துறைப் பதிவேடுகளிலும் ஓரளவு தங்கியிருக்கும். கடலின் பெயர்களுக்கு அந்தப் புகலிடமும் இல்லை. திருவனந்தபுரக் கரையின் மீனவர் கடலடிப் பாறைத்திட்டைப் 'பார்' என்பர். மீன் திரளும் அப்பார்கள் பலவற்றுக்குத் தனித்தனிப் பெயருண்டு. கரையிலுள்ள தேவாலயக் கோபுரத்தையும் தொலைவிலுள்ள மலைமுகட்டையும் ஒரே கோட்டில் நிறுத்தி, அவ்வாறே வேறு திசையில் மற்றொரு கோட்டையும் பிடித்து, அவை சந்திக்குமிடத்தில் பாரைக் கண்டடையும் வித்தைக்குக் 'கணிச்சம்' என்று பெயர். இன்று படகிலுள்ள ஜி.பி.எஸ். கருவி எண்களைக் காட்டுகிறது. எண்ணைக் கொண்டு பாரை அடையும் இளைஞனுக்குக் கணிச்சமும் வேண்டுவதில்லை, பெயரும் வேண்டுவதில்லை. போதாக்குறைக்கு, துறைமுகத்தின் ஏறக்குறைய 3 கிலோமீட்டர் நீண்ட அலைதடுப்புச் சுவரும் கப்பல்களின் போக்குவரத்தும் அக்கரையின் தோற்றத்தையே மாற்றியிருக்கின்றன.

ஆகவே கேரளப் பல்கலைக்கழகமும் தமிழ்ப் பல்கலைக்கழகமும் இணைந்து பூவார் முதல் வலியதுறை வரையிலுள்ள கரைக்கும் கடலுக்கும் இடப்பெயராய்வாளர் இருவரையேனும் நிரந்தரமாக நியமிக்க வேண்டும். ஓராண்டு நல்கையும் ஒரு கருத்தரங்கும் இதற்குப் போதா. நியமனம் பெறுபவர் நூலகத்துக்குச் செல்லுமுன் விழிஞ்ஞத்து மீன்பிடி துறைக்குச் சென்று, கணிச்சம் அறிந்த முதியோரோடு படகேறி, ஒவ்வொரு பாரின் மீதும் நங்கூரமிட்டு அதன் பெயரை அவர் வாய்மொழியாகவே கேட்டு எழுதிக்கொள்ளட்டும்.