பிறந்த வீட்டுச் சீர்

சமையல் புஸ்தகத்தைப் பார்த்துக் குழம்பு வைக்கிற மருமகளைக் கண்டு சிரிக்காத மாமியார் உண்டா? "நாங்களெல்லாம் புஸ்தகம் பார்த்தா சமைத்தோம்?" என்ற கேள்வி எழாத வீடு எது? மோட்டார் ரிப்பேர் உலகத்திலும் இப்படிப்பட்ட மாமியார்கள் இருக்கிறார்கள் என்பது எனக்குப் போன வாரம்தான் தெரிந்தது.

செம்பரம்பாக்கத்துக்குப் போயிருந்தேன். சென்னைக்குக் குடிதண்ணீர் தரும் அந்தப் பெரிய ஏரியைப் பற்றி உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. இப்போது அந்தப் பக்கத்தில் ஏரிக்குப் போட்டியாகப் பேர் வாங்கியிருப்பவை மோட்டார் தொழிற்சாலைகள். பெங்களூர் ரஸ்தாவில் சற்றுத் தள்ளி, இருங்காட்டுக்கோட்டையில் 1998 முதல் ஹூண்டாய் கார் செய்கிறார்கள். ஒரகடத்தில் 2010-ல் ரெனோவும் நிஸ்ஸானும் சேர்ந்து ஆலை திறந்தன. புதுக் கார்களை அடுக்கிக்கொண்டு போகும் நீளமான லாரிகளுக்கு வழி விட்டு, வழி விட்டு, ஒரு வழியாக நான் தேடிப் போன வீட்டுக்குள் நுழைந்தால், வேப்ப மரத்தடியில் நிற்கிறது ஒரு ஸ்டாண்டர்ட் ஹெரால்டு! வயது ஐம்பதைத் தாண்டியது.

வீட்டுக்கார அம்மாள் கணக்கு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். கணவர் காலமான பிறகு, "காரை விற்றுவிடுங்கள்" என்று யோசனை சொல்லாதவர்கள் பாக்கியில்லை. அவர் விற்கவில்லை.

"கண் முன்னாலே இத்தனை புதுக் கார் போகிறதே, ஆசை வரவில்லையா அம்மா?" என்று கேட்டேன்.

"ஆசை இருக்கட்டும். இவளுக்கு நடந்த அநியாயத்தை முதலில் கேளுங்கள்" என்றார்.

ஹெரால்டின் முன் சக்கரத்துக்குப் பக்கத்தில், அடியில், ஒரு வெண்கல மூட்டு இருக்கிறது. 'ட்ரன்னியன்' என்று பெயர். மரை போட்ட எஃகுத் தண்டு ஒன்று அதற்குள் திருகினாற்போல் நிற்கிறது. ஸ்டியரிங்கைத் திருப்பும்போதெல்லாம் தண்டு அந்த மரையில் திரும்ப வேண்டும். அதற்குக் கெட்டியான கியர் எண்ணெய்தான் விட வேண்டும். கிரீஸ் கூடாது. ஆனால் மற்றக் கார்களுக்குக் கிரீஸ் அடித்துப் பழகிய கை சும்மா இருக்குமா? ஒரு ஒர்க்‌ஷாப்பில் வருஷக் கணக்காகக் கிரீஸையே அடித்திருக்கிறார்கள். அம்மாள் ஒரு தரம் சந்தேகம் கேட்டதற்கு, "முப்பது வருஷ சர்வீஸ் எங்களுக்கு. புஸ்தகம் பார்த்தா வேலை செய்கிறோம்?" என்று பதில் வந்ததாம்.

கிரீஸ் காய்ந்து கட்டியாகி வழியை அடைத்துக்கொண்டது. உள்ளே மரை உலர்ந்தது, ஈரம் பட்டுத் துருப்பிடித்தது, தேய்ந்தது. ஒரு நாள் வீட்டு வாசலில் வண்டியை மெதுவாகத் திருப்பும்போது தண்டு முறிந்து, சக்கரம் காலை மடக்கிக்கொண்டு உட்கார்ந்துவிட்டது!

"பேத்தி பக்கத்தில் இருந்தாள். இதே பெங்களூர் ரஸ்தாவில், பின்னாலே லாரி வரும்போது முறிந்திருந்தால்...?"

அம்மாள் அதற்கு மேல் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

அன்றைக்கு ஆரம்பித்ததுதான் புஸ்தக வேட்டை. பழைய புஸ்தகமென்றால் ஒரு காலத்தில் மூர் மார்க்கெட்டுக்குப் போவோம். அது 1985-ல் எரிந்து போயிற்று. புதுப்பேட்டையில் விசாரித்தார். சாமான் கிடைத்தது, புஸ்தகம் கிடைக்கவில்லை. கடைசியில் ஒரு பெரியவர், "புகுந்த வீட்டில் ஏன் தேடுகிறீர்கள்? பிறந்த வீட்டில் தேடுங்கள்" என்றாராம்.

ஹெரால்டு பிறந்தது இங்கிலாந்திலுள்ள கவென்ட்ரியில், 1959-ல். அங்கே அவள் பெயர் 'ட்ரையம்ப் ஹெரால்டு'. 1961-ல் சென்னைக்கு வந்தாள். வண்டலூர்ப் பக்கத்து ஸ்டாண்டர்ட் கம்பெனி அவளைத் தயாரித்தது. இரண்டு வீட்டுக் கம்பெனிகளும் இன்று இல்லை. ஆனால் ட்ரையம்ப் ஒர்க்‌ஷாப் புஸ்தகம் மறுபதிப்பாக வந்திருக்கிறது. வீட்டிலேயே ரிப்பேர் செய்கிறவர்களுக்காக ஹேய்ன்ஸ் என்ற பதிப்பகமும் ஹெரால்டுக்கு ஒரு புஸ்தகம் போட்டிருக்கிறது. ஒரு வண்டியைப் பிரித்து மறுபடி பூட்டிப் பார்த்து எழுதுவது அவர்கள் வழக்கமாக இருந்தது.

உங்கள் வீட்டில் நிற்பது வேறு கிழவியாக இருக்கலாம். அம்பாஸடரின் பிறந்த வீடு மாரிஸ் ஆக்ஸ்போர்டு மூன்றாம் வரிசை. பிரிமியர் பத்மினிக்கு பியட் 1100. ஆனால் ஒரு எச்சரிக்கை: 2014 வரை வந்த அம்பாஸடருக்கு நடுவில் என்ஜின் மாறியிருக்கிறது. ஆகவே முதலில் என்ஜின் நம்பரையும் சாஸி நம்பரையும் குறித்துக்கொண்டு, பிறகு புஸ்தகம் தேடுங்கள்.

புஸ்தகத்திலும் மூன்று ஜாதி உண்டு. காரோடு தருவது உரிமையாளர் கையேடு. எங்கே எந்த எண்ணெய், எவ்வளவு காற்று என்று சொல்லும். ஒர்க்‌ஷாப் புஸ்தகம், கழற்றிப் பூட்டும் முறையையும் இடைவெளி அளவுகளையும் சொல்லும். பாகங்களின் பட்டியல், ஒவ்வொரு திருகுக்கும் படமும் நம்பரும் தரும். கடையில் சாமான் கேட்க இதுதான் கைகொடுக்கும். பழைய கார்ப் பிரியர்களின் சங்கங்களில் விசாரித்தால் இவை கண்ணில் படும்.

பிறந்த வீட்டுப் புஸ்தகத்துக்கும் எல்லாம் தெரியாது. இங்கிலாந்து ஹெரால்டுக்கு இரண்டே கதவுகள். நான்கு கதவு வைத்தது நம் சென்னைக்காரர்கள். பின் கதவைப் பற்றி அந்தப் புஸ்தகம் வாயே திறக்காது!

இன்னொன்று: ஜாக்கி மட்டும் கொடுத்துத் தூக்கிய வண்டிக்கு அடியில் தலையை நீட்டாதீர்கள். பிரேக் வேலையைத் தெரிந்தவரிடமே விடுங்கள், புஸ்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு.

கிளம்பும்போது அம்மாள் ஒரு நோட்டைக் காட்டினார். இப்போது வேலைக்கு வரும் மெக்கானிக் பையனுக்கு இங்கிலீஷ் வராது. அதனால் தேவையான பக்கங்களையெல்லாம் தமிழில் எழுதி வைத்திருக்கிறார், முத்து முத்தான டீச்சர் கையெழுத்தில். முதல் பக்கத்தில் சிவப்பு மசியில் ஒரே வரி: "ட்ரன்னியனுக்கு எண்ணெய். கிரீஸ் கூடாது."

ஹெரால்டின் முன் மூடி, மட்கார்டோடு சேர்ந்து முன்பக்கம் சாய்ந்து திறக்கும். பேத்தி முன் சக்கரத்தின் மேலேயே உட்கார்ந்துகொண்டு, நோட்டைப் பார்த்துப் பார்த்து எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தாள்.

பாட்டி சிரிக்கவில்லை. பக்கத்தில் நின்று, "அடுத்த வரியைப் படி" என்றார்.