பேச்சு முறிந்தால் என்ன மிஞ்சும்?

2018 ஒக்டோபர் 24ஆம் திகதி கறுப்பு உடையில் காலிமுகத்திடலில் வந்து கூடிய மலையக இளைஞர்கள் கேட்டது, நாளுக்கு 1000 ரூபா அடிப்படைச் சம்பளம். கொழும்புக் கடைகளிலும் ஹோட்டல்களிலும் வேலை பார்க்கும் பிள்ளைகள் மலையில் கூடையோடு நிற்கும் அம்மாமாருக்காகக் கேட்டார்கள். மூன்று மாதம் கழித்து, 2019 ஜனவரி 28இல், அலரி மாளிகையில் தொழிற்சங்கங்களும் தோட்டக் கம்பனிகளும் கையெழுத்திட்ட கூட்டு ஒப்பந்தத்தில் வந்தது 700. முந்திய ஒப்பந்தத்தில் அடிப்படைச் சம்பளம் 500 என்பதால் 200 ரூபா கூடியதாகத்தான் மேடையில் சொன்னார்கள். ஆனால் பழைய 500க்கு மேலே வரவுப்படி 60, உற்பத்திப்படி 140, விலைப்பங்கு 30 என்று சேர்ந்து 730 ஆகியிருந்தது. புதியதில் முதல் இரண்டு படிகளையும் எடுத்துவிட்டு விலைப்பங்கை 50 ஆக்கினார்கள், மொத்தம் 750. எல்லாப் படிகளையும் ஒழுங்காக வாங்கிவந்த தொழிலாளிக்குக் கூடியது 20 ரூபா. துரோகம் என்ற சொல் அன்று லயம் லயமாகப் போனது. அந்தச் சொல்லில் உண்மை இல்லை என்று நாம் சொல்லவில்லை. ஆனால் துரோகம் என்பது மேசையில் இருந்தவர்களைப் பற்றியது. வேறு ஆட்கள் இருந்திருந்தால் 1000 வந்திருக்குமா என்ற கேள்விக்கு அதில் விடை இல்லை. வந்திருக்காது என்பதே நம் கட்சி. ஏன் என்று சொல்லக் கொஞ்சம் சுற்றி வர வேண்டியிருக்கிறது.

பேரத்தைக் கணிதமாக எழுதிப் பார்த்தவர் ஜோன் நாஷ். 1950இல் வெளிவந்த அவருடைய கட்டுரை, இருவர் ஒரு லாபத்தைப் பங்கிடும்போது யாருக்கு எவ்வளவு போகும் என்று கேட்டது. விடை, பேச்சு முறிந்தால் ஒவ்வொருவருக்கும் என்ன மிஞ்சும் என்பதில் தொங்குகிறது. முறிந்தாலும் பெரிதாய் நட்டமில்லை என்பவர் கூடுதலாக எடுப்பார். முறிந்தால் அடுப்பு எரியாது என்பவர் கிடைத்ததை வாங்குவார். வாய்த்திறமை, நியாயம், மேசையைத் தட்டும் சத்தம் எல்லாம் அதற்குப் பிறகு. 1982இல் ஏரியல் ரூபின்ஸ்டைன் காலத்தையும் கணக்கில் சேர்த்தார்: தவணை தவணையாய் நீளும் பேரத்தில் காத்திருக்கக் கூடியவர் பக்கமே பங்கு சாயும். பொறுத்தார் பூமியாள்வார் என்று நம்மவர்கள் சொல்வார்கள். மலையகத்தில் அது தலைகீழ். பூமியை வைத்திருப்பவரால்தான் பொறுத்திருக்க முடிகிறது.

பேச்சு முறிந்தால் தோட்டத்தில் என்ன நடக்கிறது? தொழிலாளிக்குப் பேர், அதாவது அன்றைய நாட்சம்பளம், விழாது. கடைக்கணக்கு ஏறும். இருக்கும் லயக்காம்பிரா தோட்டத்துடையது. பின்னால் நட்டிருக்கும் நாலு மரக்கறிப் பாத்தியும் தோட்டத்துக் காணிதான். கம்பனிக்கோ வங்கி இருக்கிறது, களஞ்சியத்தில் சரக்கு இருக்கிறது, வேறு தோட்டங்கள் இருக்கின்றன. நாட்டின் தேயிலையில் பெரும்பங்கைச் சிறுதோட்டக்காரர்கள் தருவதால் நாடும் உடனே பதறாது. ஆனால் தொழிலாளியிடமும் ஒரு சீட்டு உண்டு, அது தேயிலைச் செடியே. ஏழெட்டு நாளுக்கு ஒருமுறை கைபடாவிட்டால் கொழுந்து முற்றிவிடும். பறித்ததை அன்றே வாட்டப் போட வேண்டும். கொழுந்துக்குப் பொறுமை கிடையாது. 1984 ஏப்ரல் வேலைநிறுத்தத்தில் அந்தச் சீட்டை ஒன்றாய் இறக்கியபோதுதான் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே சம்பளம் என்பது வந்தது. அதுவரை கொழுந்தெடுப்பவளுக்குக் குறைவு, கவ்வாத்து வெட்டுபவனுக்குக் கூடுதல்.

பேரத்துக்கு மலையகம் தந்த நல்ல உதாரணம் 1986 தைப்பொங்கலில் தொடங்கிய பிரார்த்தனை. நாடற்றவர்களாய் மிஞ்சியிருந்தவர்களுக்குப் பிரஜாவுரிமை கேட்டு, காலையில் வேலைக்குப் போகாமல் கோயிலில் கூடி வேண்டிக்கொள்ளுங்கள் என்றார் தொழிற்சங்கத் தலைவர் சௌமியமூர்த்தி தொண்டமான். வேலைநிறுத்தத்தைத் தடுக்கச் சட்டம் இருக்கிறது. சாமி கும்பிடுவதைத் தடுக்க ஜனாதிபதி ஜே. ஆர். ஜயவர்த்தனா எந்தச் சட்டத்தைக் கொண்டுவருவார்? அதுவும் தொண்டமான் அதே அமைச்சரவையில் உட்கார்ந்திருக்கும்போது? வடக்கில் போர், தலைக்கு மேல் இந்தியா, ஏற்றுமதி வருமானமோ தேயிலையில். அரசாங்கத்துக்கு அன்று முறிவு கட்டாது. இந்தியப் பிரஜாவுரிமைக்கு விண்ணப்பிக்காத 94,000 பேரை ஏற்க இணங்கி, அந்த ஆண்டே சட்டமும் வந்தது. மிரட்டலின் பலம் அதன் உருவத்தில் இருக்கிறது என்று தோமஸ் ஷெல்லிங் எழுதியதைத் தொண்டமான் படித்தாரோ இல்லையோ, செய்து காட்டினார்.

அதே சங்கம், அதே கொழுந்து. பிறகு ஏன் சம்பள மேசையில் அந்த வலு வரவில்லை? தலைமை தேய்ந்தது என்பது சுலபமான பதில். 1975க்கும் 1992க்கும் இடையில் தோட்டங்கள் அரசுடைமை. வாக்குக் கேட்டு வருபவரும் சம்பளம் கொடுப்பவரும் ஒரே ஆள். இந்தக் கையால் வாக்கைக் கொடுத்து அந்தக் கையால் சம்பளத்தை வாங்கலாம். 1992இல் நிர்வாகம் கம்பனிகளுக்குப் போனபின் அந்த ஆள் இரண்டானார். வாக்கு அரசாங்கத்துக்கு, கோரிக்கை கம்பனிக்கு. 2024 மே தினத்தன்று கொட்டகலையில் 1700 ரூபா என்று அறிவித்த ஜனாதிபதி ரணில் விக்ரமசிங்க தம் பையிலிருந்து எதையும் எடுக்கவில்லை. கம்பனிகள் நீதிமன்றம் போயின. ஜூலையில் உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை போட்டது. செப்டெம்பர் வர்த்தமானியில் வந்தது 1350. கைதட்டு மே மாதத்தில் கிடைத்துவிட்டது, தேர்தலும் அந்தச் செப்டெம்பரில்தான்.

சங்கங்களுக்கும் முறிவைப் பற்றிய தனிக் கணக்கு ஒன்று உண்டு. கைத்தொழிற் பிணக்குச் சட்டத்தின் 1999ஆம் ஆண்டுத் திருத்தப்படி, தொழிலாளரில் நூற்றுக்கு 40 பேரை உறுப்பினராக வைத்திருக்கும் சங்கத்தோடு முதலாளி பேசியே ஆக வேண்டும். நல்ல சட்டம்தான். ஆனால் மேசையில் இடம் பிடித்தவர்களுக்கு அந்த இடமே சொத்தாகிவிட்டது. சந்தாவைத் தோட்ட ஒபிஸ் செக்ரோலிலேயே கழித்துக் கட்டும். தலைவர் வீடு வீடாகப் போய்க் கேட்க வேண்டியதில்லை. ஒப்பந்தம் முறிந்தால் அந்த வசதியும் ஆட்டங்காணும். ஆக, தொழிலாளிக்காகப் பேசுபவரின் பயமும் தொழிலாளியின் பயமும் ஒன்றல்ல. (கொழுந்தெடுப்பவர்கள் அநேகமாகப் பெண்கள், கையெழுத்திடுபவர்கள் அநேகமாக ஆண்கள் என்பதையும் இதோடு வைத்துப் பார்க்கலாம்.)

2021இல் சம்பள நிர்ணய சபை 900ஐயும் 100 ரூபா படியையும் சேர்த்து 1000 ஆக்கியது. கம்பனிகள் கூட்டு ஒப்பந்தத்தை விட்டு விலகின. அப்போதுதான் பேரம் நடக்கும் இன்னொரு மேசை வெளியே தெரிந்தது, கொழுந்து மடுவத்துத் தராசு. ஒரு பேருக்கு 16, 18 கிலோ என்றிருந்ததைப் பல தோட்டங்களில் 20 ஆக்கினார்கள். குறைந்தால் அரைப் பேர். ஈரத்துக்கென்று ஒரு கழிவு, சாக்குக்கென்று ஒரு கழிவு. மழை நாளில் தலையில் படங்கைப் போட்டுக்கொண்டு வரிசையில் நிற்கும் ஒருத்தி, முள் எங்கே நிற்கிறது என்று எட்டிப் பார்ப்பதற்குள் கணக்கப்பிள்ளை அடுத்த சாக்கைக் கூப்பிட்டுவிடுகிறார். கொழும்பில் 1000 என்று எழுதினால் மடுவத்தில் அது 500 ஆகலாம். கொழும்பு மேசையில் அவளுக்காக ஒரு சங்கமாவது இருந்தது. தராசுக்கு முன்னால் அவள் ஒண்டி.

இப்படிப் பங்கிடுவது நீதியா என்று இங்கே தத்துவக்காரர்கள் குறுக்கிடுவார்கள், குறுக்கிடத்தான் வேண்டும். கேம்பிரிட்ஜில் தத்துவம் கற்பித்த பிரெய்த்வெய்ட் 1955இல் ஒரு சிறு நூல் வெளியிட்டார். சுவருக்கு இந்தப் பக்கம் லூக் பியானோ வாசிக்கிறார், அந்தப் பக்கம் மத்தேயு டிரம்பெட் ஊதுகிறார். ஒருவர் சத்தம் மற்றவருக்கு இடைஞ்சல். மாலைகளை எப்படிப் பிரிப்பது? இருவரும் சேர்ந்து போடும் இரைச்சலைவிட நிசப்தமே மேல் என்பவர் லூக். நிசப்தத்தைவிட இரைச்சலே மேல் என்பவர் மத்தேயு. ஆகவே 43 மாலைகளில் மத்தேயுவுக்கு 27, லூக்குக்கு 16 என்று கணக்கு முடிந்தது. லயத்தில் இருப்பவர்களுக்கு இந்தக் கதை சிரிப்பை வரவழைக்கும்: பலகைக்கு அந்தப் பக்கம் இருமினால் இந்தப் பக்கம் விழிக்கும் வீட்டில் இதற்குக் கணிதம் தேவையில்லை. இன்னொரு தத்துவக்காரரான ஜோன் ரோல்ஸ் பிரெய்த்வெய்டின் இந்தப் பங்கீட்டை ஏற்கவில்லை. யாருக்கு மிரட்ட வசதி அதிகமோ அவருக்குப் பங்கு அதிகம் என்பது என்ன நீதி என்று கேட்டார். தொடங்கும் நிலையே கோணலாக இருந்தால் அங்கிருந்து ஒழுங்காகப் பேசி எட்டிய உடன்பாடும் கோணல்தான். நாம் ரோல்ஸ் பக்கம். அதற்காக நாஷைத் தூக்கி எறியவும் தயாரில்லை. பங்கீடு எப்படி இருக்க வேண்டும் என்பது ரோல்ஸின் கேள்வி. ஏன் இப்படி இருக்கிறது என்று காட்டுவது நாஷின் கணக்கு. மருத்துவர் நோயைச் சொன்னதற்காக அவர் நோயின் கட்சி என்று ஆகாது.

கம்பனிகளால் கொடுக்க முடியாது என்ற வாதமும் இருக்கிறது. உற்பத்திச் செலவில் பெரும்பங்கு கூலி, கொழும்பு ஏல விலை நம் கையில் இல்லை, செடிகளும் கிழடு. இதில் மெய் இருக்கிறது. மறுநடுகைக்குப் போட வேண்டிய பணம் ஏன் போடப்படவில்லை என்ற கேள்வியும் அதற்குள்ளேயே இருக்கிறது. அதைவிட, பங்கிடும் தொகை எவ்வளவு என்று ஒரு பக்கத்துக்கு மட்டும் தெரிந்த பேரத்தில், முடியாது என்பதும் ஒரு நகர்வுதான். கணக்குப் புத்தகத்தை மேசையில் விரித்துவிட்டு அதைச் சொன்னால் அது வாதம். மற்றொரு மறுப்பு இடதுசாரி நண்பர்களிடமிருந்து வருகிறது: மனிதர் லாபநட்டம் பார்த்தா போராடினார்கள்? 1940இல் முல்லோயாத் தோட்டத்தில் குண்டுபட்ட கோவிந்தனும் 1977 மே மாதம் டெவன் தோட்டத்தில் சுடப்பட்டு விழுந்த சிவனு லெட்சுமணனும் எந்தக் கணக்கைப் போட்டார்கள்? போடவில்லைதான். ஆனால் டெவனில் நடந்தது எதற்கு என்று பார்க்க வேண்டும். அங்கே சம்பளம் பேசப்படவில்லை. தோட்டக் காணி 7000 ஏக்கரைப் பிரித்து வெளியாருக்குக் கொடுக்கப் போவதற்கு எதிராகத்தான் ஆட்கள் தெருவில் இறங்கினார்கள். முறிந்தால் மிஞ்சுவது எது என்பது, நாஷின் பெயரைக் கேட்டிராத அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

அதனால்தான் சம்பளத் தொகையைச் சுற்றியே மலையக அரசியல் ஓடுவதை நாம் ஐயத்தோடு பார்க்கிறோம். 1000, 1700, 1750 என்று எண் மாறுகிறது. முறிவுப் புள்ளி அசையவில்லை. அசைந்த ஓரிடம் உண்டு, அதை எந்தச் சங்கமும் பேசி வாங்கவில்லை. பிள்ளைகள் ஹட்டனில் பஸ் ஏறிக் கொழும்புக்கும், அங்கிருந்து வளைகுடாவுக்கும் போனார்கள். தனியார் கைக்கு மாறிய காலத்தில் மூன்று லட்சத்துக்கு மேல் இருந்த தோட்டத் தொழிலாளரில் இன்று பாதிகூட இல்லை. மலையில் ஆள் இல்லை என்று துரைமார் புலம்பத் தொடங்கியபிறகே வருமானப் பங்கு, வெளிவளர்ப்பு முறை என்ற பேச்சுகள் கம்பனி வாயில் வந்தன. வீட்டில் வெளிக்காசு வரும் பெண் அரைப் பேருக்கு அழுவதில்லை. அன்றைக்கு மலைக்குப் போகாமல் விடுகிறாள். வீடும் காணியும் அவள் பெயரில் இருந்தால் இன்னும் நிமிர்வாள். காணி கொடுத்தால் ஆட்கள் தோட்டத்தை விட்டுவிடுவார்கள் என்று நிர்வாகங்கள் அஞ்சுவது அதனால்தான். அந்த அச்சத்தைவிட நம் வாதத்துக்கு வேறு சாட்சி வேண்டாம்.

2025 நவம்பரில் ஜனாதிபதி அநுர குமார திசாநாயக்க சமர்ப்பித்த வரவு செலவுத் திட்டம் 1350ஐ 1550 ஆக்கி, மேலே நாளுக்கு 200 ரூபா வரவுப்படியை அரசே தரும், ஆக 1750 என்றது. வாக்குக் கேட்பவரும் காசு கொடுப்பவரும் ஓரளவு மறுபடி ஒன்றாகிறார்கள். மலையகத்துக்கு அது நல்லதாக முடியலாம். திறைசேரி கைகொடுக்கும் என்று தெரிந்தால் அடுத்த முறை கம்பனி இன்னும் பொறுமையாகக் காத்திருக்கவும் கூடும். காணி விஷயம் இதற்குப் பக்கத்தில் வேறு வேகத்தில் போகிறது. ஏழு பேர்ச் என்று 2015க்குப் பிறகு தொடங்கி, பத்துப் பேர்ச் என்று வளர்ந்த வாக்குறுதியில் வீடு கிடைத்தவர்கள் உண்டு. வீடு கிடைத்தும் உறுதி கைக்கு வராதவர்களும் உண்டு. ஏராளமானவர்களுக்குக் கடிதம் இன்னும் தோட்டத்தின் பெயருக்கு வந்து, ஒபிஸ் மேசையில் கிடந்து, யாராவது அந்தப் பக்கம் போகும்போது லயத்துக்குக் கொண்டுவரப்படுகிறது. காணி உறுதி அனுப்பப்பட்டால் அதுவும் அந்த மேசைக்குத்தான் முதலில் போய்ச் சேரும்.