உங்க கதையில மாட்டினவங்ககிட்ட கேட்டீங்களா?

ஒரு கேள்வி. நீங்க எழுதுற கதை அப்படியே நிஜத்தில் நடக்கும்னு ஒரு வரம் கிடைச்சா, முதல் வரி என்ன எழுதுவீங்க?

போன வாரம் ஹாஸ்டல் மெஸ்ஸில் இதைக் கேட்டுப் பார்த்தேன். "அரியர் எல்லாம் க்ளியர்." "முதல் ரவுண்டிலேயே ப்ளேஸ் ஆயிட்டேன்." "அவ ரிப்ளை பண்ணிட்டா." டேபிளில் இருந்த எல்லாரும் ஆசையை மட்டும்தான் சொன்னாங்க. அதுக்கு யார் என்ன விலை கொடுக்கணும்னு ஒருத்தரும் யோசிக்கலை. நம்ம இதழுக்கு வர்ற ஃபேன்டசி கதைகளிலும் பெரும்பாலும் இதுதான். ஹீரோ நோட்டில் எழுதுவான், மறுநாள் நடந்துடும். (முதல் வருஷத்தில் நான் எழுதினதையும் சேர்த்துத்தான் சொல்றேன்.)

கதை சொல்லியே உலகத்தை மாற்றும் மந்திரம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஆனா தெர்மோ பேப்பர் எழுதினவங்களுக்குத் தெரியும், ஓசியில் எதுவும் வராது. நல்ல எழுத்தாளர்கள் இந்த மந்திரத்துக்கும் ஒரு விலை வச்சிருக்காங்க. ஜெர்மன் எழுத்தாளர் மிக்கேல் எண்டே 1979-இல் எழுதிய 'தி நெவரெண்டிங் ஸ்டோரி' நாவலில், பாஸ்டியன் என்ற பையன் தான் படிக்கும் புத்தகத்துக்குள்ளேயே போய்விடுகிறான். அங்கே அவன் ஆசைப்படுவதெல்லாம் நடக்கும். ஆனால் ஒவ்வொரு ஆசைக்கும் அவனுடைய பழைய வாழ்க்கையின் ஞாபகம் ஒன்று அழிந்துபோகும். கொர்னேலியா ஃபுங்கேயின் 'இங்க்ஹார்ட்' (2003) நாவலில், மோ என்பவர் சத்தமாகப் படித்தால் புத்தகத்திலிருந்து ஆட்கள் வெளியே வருவாங்க. பதிலுக்கு இங்கிருந்து யாராவது உள்ளே போயிடுவாங்க. அவருடைய மனைவியே அப்படித்தான் காணாமல் போனார்.

இந்த விலை விஷயத்தை இன்னும் ஆழமாகக் கொண்டுபோனது, என்னைப் பொறுத்தவரை, 'ஆலன் வேக்' கேம்தான். பின்லாந்தின் ரெமெடி நிறுவனம் உருவாக்கியது. முதல் பாகம் 2010-இல் வந்தது, இரண்டாவது 2023-இல். (இனிமே ஸ்பாய்லர் இருக்கு. பாதி விளையாடினவங்க முடிச்சுட்டு வாங்க.)

ஆலன் ஒரு நாவலாசிரியர். இரண்டு வருஷமாக ஒரு வரி எழுத வரலை. மனைவி ஆலிஸோடு பிரைட் ஃபால்ஸ் என்ற சின்ன ஊருக்குப் போகிறார். அங்கே இருக்கும் ஏரி, கலைஞர்கள் படைப்பதை நிஜமாக்கிவிடும். அதன் அடியில் ஒரு இருட்டு சக்தி. அது ஆலிஸை இழுத்துக்கொள்ள, அவரை மீட்க ஆலன் எழுத ஆரம்பிக்கிறார்.

"ஆலிஸ் திரும்பி வந்தாள்"னு ஒரே வரியில் முடிச்சுடலாமேன்னு உங்களுக்குத் தோணும். முடியாது. கதை கதையாக நிற்கணும். அவர் எழுதுவது திகில் கதை, அதில் நல்ல முடிவு சும்மா வராது. அவருக்கு முன்னாடி தாமஸ் ஸேன் என்ற கவிஞர், இறந்துபோன காதலியை எழுதியே வரவழைக்கப் பார்த்தார். அவள் முகத்தோடு வந்தது இருட்டுதான். அது புரிந்ததால் ஆலன் கணக்கைச் சரியாக எழுதுகிறார்: ஆலிஸ் வெளியே, பதிலுக்குத் தான் உள்ளே.

இதுவரைக்கும் தியாகம், கைதட்டலாம். இரண்டாம் பாகம்தான் என்னைத் தூங்க விடலை. பதிமூணு வருஷமாக உள்ளே மாட்டியிருக்கும் ஆலன் வெளியே வர இன்னொரு கதை எழுதுகிறார். அந்த ஊருக்கு ஒரு கொலையை விசாரிக்க எஃப்பிஐ அதிகாரி சாகா ஆண்டர்சன் வருகிறார். (தமிழில் படிச்சா பேரு செம பொருத்தம்.) ஊர்க்காரர்கள் அவரை ரொம்ப நாள் தெரிந்தவர் மாதிரி பேசுறாங்க. மகள் தண்ணீரில் மூழ்கி இறந்ததுக்குத் துக்கம் விசாரிக்கிறாங்க. சாகாவுக்கு ஒண்ணும் புரியலை. அவருக்குத் தெரிஞ்சு மகள் லோகன் வீட்டில் நல்லா இருக்கிறாள். கதையின் நாயகிக்கு ஒரு சோகம் தேவைப்பட்டது. கதை அதை சாகாவின் வீட்டிலிருந்து எடுத்துக்கொண்டது. அவரிடம் யாரும் கேட்கலை.

"பாவம்டா ஆலன், அவருக்கு வேற வழியில்லை"ன்னு என் ரூம்மேட் வாதாடினான். ஒத்துக்கிறேன், ஆலன் கெட்டவர் இல்லை. பிரச்சினையே அதுதான். நல்லவர் எழுதினாலும் கதைக்குள் மாட்டினவங்களுக்கு வலிக்கும்.

இங்க்லீஷ் மீடியத்தில் படிச்ச எனக்கு எங்க தாத்தா சொன்ன ஒரு கதை இங்கே ஞாபகம் வருது. நம்ம ஊரிலும் பாட்டுக்கு உயிரை எடுக்கும் சக்தி உண்டுன்னு ஒரு நம்பிக்கை இருந்தது. அறம் பாடுதல்னு சொல்வாங்க. பல்லவ மன்னன் மூன்றாம் நந்திவர்மன் நந்திக் கலம்பகத்தைக் கேட்டு, கடைசிப் பாட்டில் உயிரை விட்டான்னு கதை. வரலாற்றில் நடந்ததான்னு என்கிட்ட கேட்காதீங்க, எனக்குக் கதைதான் முக்கியம். பாட்டைக் கேட்டா சாவோம்னு அந்த ராஜாவுக்குத் தெரியும். தெரிஞ்சும் தமிழுக்காக உட்கார்ந்து கேட்டான். அது அவன் எடுத்த முடிவு. சாகாவுக்கு அந்த வாய்ப்பே கிடைக்கலை.

நானும் ஒருத்தனுக்கு அந்த வாய்ப்பைக் கொடுக்கலை.

ரெண்டாவது வருஷம், என் கிளாஸ்மேட் ஒருத்தன் காய்ச்சலோடு லேபுக்கு வந்து, டேபிளில் தலை வச்சுத் தூங்கிட்டான். ஒரே ஒரு நாள். அதை வச்சு நான் ஒரு காமெடி கதை எழுதி கிளாஸ் வாட்ஸ்அப் குரூப்பில் போட்டேன். அவனுக்கு 'கும்பகர்ணன்'னு பேரு. செம ஹிட். அவனும் சிரிக்கிற எமோஜி போட்டான்.

மூணாவது வருஷம் ப்ராஜெக்ட்டுக்கு டீம் பிரிச்சப்போ, அவனை யாரும் சேர்த்துக்கலை. "அவன் தூங்கிடுவான்டா." சொன்னவங்கள்ல பாதிப் பேர் அன்னிக்கு அந்த லேபிலேயே இல்லை, கதையை மட்டும் படிச்சவங்க. அதைவிட மோசம், கொஞ்ச நாளில் அவனே முன்னாடி வர்றதை விட்டுட்டான். செமினார்னா, "நான்தான் கும்பகர்ணனாச்சே, வேற யாராவது பண்ணுங்க"ன்னு பின்னாடி போயிடுவான். ஏரியும் இல்லை, இருட்டு சக்தியும் இல்லை. ஒரு போன், நாலு பத்தி, அவ்வளவுதான் தேவைப்பட்டது.

அதனால நம்ம இதழில் இந்த மாதிரி ஃபேன்டசி எழுதப்போற ஜூனியர்ஸுக்கு ஒரு வேண்டுகோள். ஹீரோ என்னவெல்லாம் எழுத முடியும்னு பட்டியல் போடுறதுக்கு முன்னாடி, அவன் எழுதினா யாருடைய வாழ்க்கை மாறும், அவங்களுக்கு அது தெரியுமா, மறுக்க முடியுமான்னு முடிவு பண்ணுங்க. கதையின் நடு முடிச்சே அங்கேதான் இருக்கு. சாகா தன் மகளைப் பற்றி ஊர் சொல்வதை நம்ப மறுக்கும் இடங்கள்தான், எந்தச் சண்டைக் காட்சியையும் விட எனக்கு ஞாபகம் இருக்கு.

கதை எழுதாதவங்களுக்கும் இது பொருந்தும். மீம் போடுறீங்க, பட்டப்பேரு வைக்கிறீங்க, "அவனைப் பத்தி ஒண்ணு தெரியுமா"ன்னு ஆரம்பிக்கிறீங்க. அதுவும் எழுத்துதான்.

இந்தக் கட்டுரையை அனுப்பறதுக்கு முன்னாடி அவனைத் தேடிப்போய்ப் படிக்கக் கொடுத்தேன். மன்னிப்பும் கேட்டேன், ஒண்ணரை வருஷம் லேட்டா. "விடுடா, பழைய கதை"ன்னான். அப்புறம் என் பேனாவை வாங்கி ஒரு வரியை அடிச்சுட்டு, "இப்போ போடு"ன்னான்.

அந்த வரி இல்லாமல்தான் நீங்க படிச்சிருக்கீங்க.