பட்ட மரத்தின் பயன்

தேனீயைப் போன்ற கோடுகளுடன் பூவின் எதிரே அந்தரத்தில் நிற்கும் சிர்பிட் ஈயைக் குடியானவர் பலர் அறிவர். தட்டைப்பயற்றில் அசுவினியைத் தின்றொழிப்பது இதன் புழு. ஆயினும், உலகிலுள்ள சுமார் 6,000 சிர்பிட் இனங்களும் ஒரே விதமாக வாழ்வனவல்ல. காட்டினங்கள் பலவற்றின் புழுக்கள் மரப்பொந்து நீரிலும் உளுத்த கட்டையிலுமே வளர்கின்றன. வளர்ந்த ஈக்களோ மலருக்கு மலர் மகரந்தம் சேர்ப்பன.

ஸ்காட்லாந்தின் பைன் காட்டு ஈ இதற்குச் சான்றாகும். பூஞ்சணத்தால் உளுத்து நீர் தேங்கிய பைன் அடிக்கட்டையே அதன் புழுவுக்குப் புகலிடம். முதிர்ந்த மரங்கள் அருகவே, அவ்வினமும் அங்கே அழியும் நிலையெய்திற்று. வளர்ப்பகத்தில் புழுக்களைப் பெருக்கிக் காட்டில் விட்ட பின்னரே, 2022-ஆம் ஆண்டில் வளர்ந்த ஈக்கள் மீண்டும் காணப்பட்டன.

ஆகவே, சுத்தம் என்ற பெயரால் பட்ட மரம் யாவற்றையும் வெட்டி விறகாக்குதல் விவேகமன்று. பொந்து மரத்தை வெட்ட ஒரு நாள் போதும். அதனை உண்டாக்க ஒரு தலைமுறையும் போதாது. பட்ட தென்னை காண்டாமிருக வண்டுக்கு இடமாகுமாதலால் அகற்றத்தக்கதே. மற்றவற்றுள், பாதைக்கும் வீட்டுக்கும் அபாயமில்லாதவை சிலவற்றையேனும் தோப்போரங்களிலும் புறம்போக்குகளிலும் நிறுத்திவைப்பது நிலமுடையோர்க்கும் கிராம அதிகாரிகளுக்கும் கடமையாகும்.