வெட்டிய விளிம்புதான் முகம்

பள்ளி புராஜெக்ட் என்றதும் செங்கல்பட்டு ஸ்டேஷனரி கடைகளுக்கு ஓடி காகிதப் பட்டையைச் சுருட்டிச் செய்யும் குவில்லிங் வேலைக்குப் பட்டை பாக்கெட் வாங்குகிறோம். எதற்கு? ஏ4 தாளின் அகலம் 210 மில்லிமீட்டர். ஸ்டீல் ஸ்கேலும் கூரான பிளேடும் வைத்து 5 மில்லிமீட்டர் அகலத்தில் நீளவாக்கில் கீறினால் 42 பட்டைகள் கிடைக்கும்.

தாளைப் பார்த்து எடுக்க வேண்டும், அவ்வளவுதான். ஜெராக்ஸ் தாளின் எடை 70, 80 ஜிஎஸ்எம்தான், சுருள் தொய்ந்துவிடும். 100 முதல் 120 வரை இருந்தால் நிற்கும். பழைய கல்யாணப் பத்திரிகையை வெட்டலாமே என்பார்கள் சிக்கனக்காரர்கள். கெட்டி அட்டை சுருட்டும்போதே வெடிக்கும். அதில் நிறமும் பெரும்பாலும் மேல்பூச்சுதான். குவில்லிங்கில் கண்ணில் படுவது வெட்டிய விளிம்பு. சிவப்பு ஜிமிக்கி செய்தால் சுற்றுக்குச் சுற்று வெள்ளைக்கோடு பல்லிளிக்கும். உள்ளும் புறமும் ஒரே நிறமான தாளே வேண்டும். வெட்டுமுன் இரண்டு வாக்கிலும் வளைத்துப் பாருங்கள். சுலபமாக வளையும் போக்கிலேயே பட்டை சுருளட்டும்.

மாமல்லபுரம், கோவளம் பக்கத்தில் இன்னொரு தொல்லை, கடல்காற்றின் ஈரம். சிப்பி மாலைக்குக் கவலையில்லை. காகிதக் கம்மல் நமுத்துவிடும். பசை நன்றாகக் காய்ந்தபின் வார்னிஷ் பூசியே ஆக வேண்டும்.

3 மில்லிமீட்டர் பட்டைக்கு மட்டும் கையை நம்பாதீர்கள். பக்கத்து அச்சகத்து கட்டிங் மெஷினில் கேட்டுப் பாருங்கள். மதிப்பெண் போடும் ஆசிரியர்களே, பிள்ளை தானே வெட்டிய பட்டை கொஞ்சம் கோணலாக இருந்தால் அதற்காக மார்க்கைக் குறைக்காதீர்கள்.